தொடக்கத்தைத் தாண்ட விடாதவள்

அவளுடைய காம்பராவில் வீடியோ கேம் விளையாட வருகிறவர்களுக்கு ஒரே ஒரு சட்டம்தான்: தொடக்கத்தைத் தாண்டக் கூடாது. யார் வந்தாலும், எத்தனையாவது தடவை வந்தாலும், கதை முதலிலிருந்துதான் ஓடும். பொத்தானை அழுத்தித் தாண்டப் பார்த்தால், பக்கத்தில் உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கும் அவளுடைய கை வந்து அந்த விரலை மூடும்.

ராகலையிலிருந்து மேலே ஏறும் பாதையில் எங்கள் தேயிலைத் தோட்டம். ஒரே தகரக் கூரைக்குக் கீழே, குடும்பத்துக்கு ஒன்றாகப் பன்னிரண்டு காம்பராக்கள் கொண்ட லயம். முதல் காம்பரா அவளுடையது. கடைசிக்கு முந்தியது எங்களுடையது. வெளிநாட்டில் வீட்டு வேலை செய்துவிட்டுத் திரும்பி வந்தபோது, அவள் பழைய வீடியோ கேம் பெட்டி ஒன்றைப் போர்வையில் சுற்றிக் கொண்டுவந்தாள். அதிலிருந்து அவள் 'கேம் அக்கா' ஆனாள். அவளைவிட எட்டு வயது மூத்த நானும் அப்படித்தான் கூப்பிட்டேன். அவளுக்குப் பெயர் உண்டு. கேட்காமல் எழுதினால் கோபித்துக்கொள்வாள், எழுதவில்லை.

நான் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் டீச்சர். கணவர் கொழும்பில் ஒரு ஹோட்டல் சமையலறையில். எனக்கு இருந்தது ஒரு மகளும் ஓயாத பயமும். பரீட்சை, பஸ், காய்ச்சல், பையன்கள், எல்லாவற்றுக்கும் பயந்தேன். எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு பயம் இருந்தது. லயத்துக்குப் பின்னால் மலை நேராக எழுந்து நிற்கும். மகளின் கட்டிலுக்கு அடியில், சிமெந்துத் தரையில், ஒரு விரிசல். முதல் வருடம் மயிரிழை. அடுத்த வருடம் பென்சில் நுழைந்தது. மழை வரும் போதெல்லாம் குனிந்து விரலை வைத்துப் பார்ப்பேன். மகள் சிரிப்பாள். மலையை நான் விரலால் பிடித்து வைத்திருப்பதாகக் கிண்டல் செய்வாள்.

மகளின் சாதாரணதரப் பரீட்சைக்கு மூன்று மாதம் இருக்கையில் ஒரு சனிக்கிழமை பின்னேரம், அந்த மகளைத் தேடிக்கொண்டு முதல் காம்பராவுக்குப் போனேன். சண்டை போடுகிற எண்ணத்தோடுதான் போனேன். திரையில் துப்பாக்கியும் இரத்தமும் இருக்கும், காட்டித் திட்டலாம் என்று நினைத்திருந்தேன். திரையில் ஒரு சிறுமி ஆற்றங்கரையில் நடந்துகொண்டிருந்தாள். ஓடக்கூட இல்லை.

"இதுக்குத்தான் படிப்ப விட்டுட்டு வந்தியா?"

மகள் திரும்பவில்லை. கேம் அக்காதான் நிமிர்ந்தாள். "செருப்ப கழட்டிட்டு உள்ள வாங்க டீச்சர். இப்பத்தான் ஆரம்பிச்சிருக்கு."

"எனக்கு ஆரம்பமும் வேணாம், முடிவும் வேணாம். புள்ளைய அனுப்புங்க."

"அனுப்புறேன். தெப்பத்த ஒரு தடவ அக்கரைக்கு இழுத்துரட்டும்."

நின்றேன். அந்தச் சிறுமியின் அப்பா ஆற்றுக்குக் குறுக்கே கயிறு கட்டித் தெப்பம் இழுக்கிறவர். அன்றைக்கு அவருக்கு முதுகு வலி. அதனால் சிறுமிதான் இழுக்க வேண்டும். ஒரு கிழவர் ஏறுகிறார், கோழிக்கூடையோடு ஒரு பெண் ஏறுகிறாள். ஒரு நாய் ஏறவே மாட்டேன் என்கிறது. அதைத் துரத்திப் பிடிக்க வேண்டும், தாழ்ந்த கிளைக்குக் குனிய வேண்டும், கரைக்குத் தாவ வேண்டும். அவ்வளவுதான். அரை மணி நேரம் வேறொன்றும் நடக்கவில்லை. அவர்கள் பேசுகிற ஆங்கிலத்தை கேம் அக்கா வெங்காயத்தை உரித்தபடியே எங்கள் பேச்சில் சொல்லிக்கொண்டிருந்தாள். "அம்மாக்காரி சொல்லுது, சோறு ஆறிப்போகும், வெரசா வாடின்னு." அந்த வெள்ளைக்கார அம்மா நிஜமாகவே அப்படித்தான் சொல்லியிருப்பாள் என்று தோன்றியது.

மூலையில் உட்கார்ந்திருந்த பையன்களுக்குப் பொறுமை இல்லை. "அக்கா, சண்ட எப்ப வரும்?"

"ஒனக்கு மீச வந்த பொறகு."

"அப்ப அவனுக்கு வரவே வராது அக்கா," என்றான் இன்னொருவன்.

சண்டை வந்தது. குதிரைகளில் ஆட்கள் வந்து ஊருக்குத் தீ வைத்தார்கள். நாயைத் துரத்தப் பழகிய அதே பொத்தானில் இப்போது அந்தச் சிறுமி தப்பி ஓடினாள். கிளைக்குக் குனிந்த மாதிரியே அம்புக்குக் குனிந்தாள். தெப்பத்தில் எல்லோரும் ஏறிவிட்டார்கள். நாய் மட்டும் கரையில் நின்று குரைத்தது. என் மகள் கயிற்றை இழுத்துக்கொண்டே அழுதாள். நான் செருப்பைக் கழற்றாமலே திரைக்குப் பக்கத்தில் வந்திருந்தேன். அரை மணிக்கு முன்னால் அந்த நாயை எனக்குத் தெரியாது.

"பாத்தீங்களா?" என்றாள் கேம் அக்கா. "தாண்டியிருந்தா அது வெறும் நாயி."

அன்றைக்கு எனக்கு அவளைப் பிடித்துப்போனது என்று சொல்ல மாட்டேன். மகளைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தேன். ஆனால் திட்டுவதற்கு வைத்திருந்த சொற்களை வீட்டில் தேடியபோது அவை கிடைக்கவில்லை.

அவளோடு வாழ்வது சுலபமும் இல்லை. தோட்டத்து டிஸ்பென்சரியில் மருந்து கொடுக்கும் ஐயா எங்கே வலி என்று கேட்டால் இவள், "மொதல்ல நான் எங்க நின்னேன்னு கேளுங்க ஐயா," என்பாள். பின்னால் வரிசை கத்தும். சமையல் கேஸ் தீர்ந்துவிட்டது என்று சொல்வதற்கு, காலையில் எழுந்ததிலிருந்து தொடங்குவாள். சாவு வீட்டில் எல்லோரும் எப்போது எடுப்பார்கள் என்று கேட்கும்போது, இவள் இறந்தவரின் மனைவிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, அவர்கள் முதன்முதலில் எங்கே பார்த்துக்கொண்டார்கள் என்று கேட்பாள். ஊர் முகம் சுளிக்கும். அந்த மனைவி மட்டும் அவள் கையை விட மாட்டாள்.

ஒருமுறை நான் நேராகவே கேட்டேன். "ஏன் புள்ள இப்படி? நாலு வார்த்தையில சொல்லக் கூடாதா?"

அவள் இன்னொரு வெங்காயத்தை எடுத்தாள். பிறகு சொன்னாள். "வெளிநாட்டுல நான் இருந்த வீட்டுல ரெண்டு பையங்க டீச்சர். எப்பப் பாத்தாலும் கேம்தான். நான் பின்னால நின்னு துணி மடிப்பேன். அவனுங்க ஆரம்பத்த எல்லாம் தாண்டிருவானுங்க. ஒரே வெட்டு, குத்து. யாரு எதுக்குச் சாவுறாங்கன்னு எனக்கு ஒண்ணும் வெளங்காது. நாலு வருஷம் அப்படித்தான் பாத்தேன். வரும்போது பழசுன்னு குடுத்தாங்க. ஊருக்கு வந்து மொத வேலையா ஆரம்பத்தப் போட்டுப் பாத்தேன். அப்பத்தான் தெரிஞ்சிச்சு, நான் வில்லன்னு நெனச்சவன் அந்தப் புள்ளையோட அண்ணன்." வெங்காயத் தோலை முறத்தில் தட்டினாள். "நான் திரும்பி வந்தப்ப லயமே வந்து கேட்டிச்சு, எப்ப திரும்பிப் போறேன்னு. மொத நாள் அந்த ஊர்ல எறங்குனப்ப எப்படி இருந்திச்சுன்னு ஒருத்தர் கேக்கல."

நானும் கேட்டிருக்கவில்லை. அப்போது கேட்டேன். அதைச் சொல்லி முடிக்க அவளுக்கு இரண்டு மணி நேரம் பிடித்தது.

லயத்துக்கு மனு எழுதுகிறவள் நான். படித்தவள் என்பதால் அந்த வேலை என்னிடம் வந்து சேர்ந்திருந்தது. விரிசலைப் பற்றி நான்கு மனு எழுதியும் ஒன்றுக்கும் பதில் வந்திருக்கவில்லை. ஐந்தாவதை எழுதியபோது இஸ்தோப்பில், அந்த ஒடுக்கமான முன் தாழ்வாரத்தில், அவள் எட்டிப் பார்த்து வாசித்தாள். 'எமது லயத்தின் பின்சுவரிலும் தரையிலும் பாரிய வெடிப்புகள் ஏற்பட்டுள்ளதைத் தங்களின் மேலான கவனத்திற்கு' என்று அது தொடங்கியது.

"என்ன டீச்சர், மொத வரியிலயே சுவர இடிச்சிட்டீங்க?"

"வேற எப்படி எழுதுறது?"

"இடிஞ்ச சுவர யாரு பாப்பா? அது யாரு சுவருன்னே அவங்களுக்குத் தெரியலயே."

எனக்குக் கோபம் வந்தது. பதினெட்டு வருடம் கட்டுரை எழுதச் சொல்லிக் கொடுத்தவள் நான். ஆனால் அவள் சொன்னதில் ஒன்று என்னை அரித்தது. எங்கள் ஆட்களின் வழக்கமே அதுதான். காலையில் வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்தில் பெயர் கூப்பிட்டால் ஒரு சொல்லில் பதில் சொல்லிவிட்டு மலைக்கு ஏற வேண்டும். நின்று பேச இடமில்லை. தலைமுறை தலைமுறையாக அப்படிப் பழகி, யார் வந்து கேட்டாலும் முடிவை மட்டும் சொல்லிவிட்டுக் கையைக் கட்டிக்கொள்கிறோம். கூரை ஒழுகுதுங்க. புள்ள செத்துருச்சுங்க. மண்ணு சரியுதுங்க. கேட்கிறவர் குறித்துக்கொண்டு போய்விடுகிறார். மனுவை நான் மாற்றவில்லை. அதுவும் போன நான்கின் வழியே போனது.

அந்த வருடம் மழை விடவில்லை. பதினோராம் நாள் எங்களை எல்லாம் பள்ளிக்கூடத்துக்கு இறக்கினார்கள். நான் பாடம் நடத்துகிற வகுப்பறையில் நானே பாய் விரித்துக் கிடந்தேன். ஒரு கிழமையில், ஏழே நாளில், மழை கொஞ்சம் ஓய்ந்ததும் பேச்சு மாறியது. பிள்ளைகளுக்கு வகுப்பு நடக்க வேண்டும், மலையில் கொழுந்து முற்றுகிறது, எல்லோரும் லயத்துக்குத் திரும்புங்கள். மாவட்டத்திலிருந்து ஓர் அதிகாரி வந்து பார்த்து ஒரு கையெழுத்துப் போட்டால் போதும். போட்டுவிட்டால் அன்றிரவே என் மகள் அந்த விரிசலுக்கு மேலே படுக்க வேண்டும். வேறு போக்கிடம் எங்களுக்கு இல்லை.

அதிகாரி வந்தார். அவரோடு தோட்டத்து வெளி வேலைகளை மேற்பார்வை பார்க்கும் கண்டாக்கையாவும் வந்தார். லயத்துக்குக் கீழே பாதையிலேயே ஜீப் நின்றது. அதிகாரி சிங்களவர், நல்ல மனிதர், அன்றைக்கு அது அவருக்கு ஆறாவது இடம். கடதாசியை ஜீப்பின் முன்பக்கத்தில் விரித்துவிட்டு என்னிடம் கேட்டார். "வெடிப்பு எத்தனை அங்குலம்?"

நான் வாயைத் திறந்தேன். "ஒண்ணரை" என்று சொல்லியிருப்பேன். அவர் எழுதியிருப்பார்.

"சேருக்குத் தண்ணி வேணுமா?" என்று கேட்டாள் கேம் அக்கா. வெளிநாட்டுக்குப் போக முன்பு நுவரெலியாவில் ஒரு சிங்களக் குடும்பத்தில் வேலை செய்தவள், அவளுடைய சிங்களம் என்னுடையதைவிட நல்லது. அவர் வேண்டும் என்று தலையாட்டினார். "அப்ப பீலிக்கு வாங்க. பக்கந்தான்."

"இங்க கொண்டாந்து குடு," என்றார் கண்டாக்கையா. "சேருக்கு நேரமில்ல."

"உங்களுக்கு நேரமாச்சுன்னா நீங்க போங்கையா. தண்ணி கேட்டது அவரு."

அப்படி அவரிடம் பேசுகிறவர்கள் யாரும் அங்கே இல்லை. நான் அவள் சேலையைப் பிடித்து இழுத்தேன். அவள் என் கையைத் தட்டிவிட்டுப் படியேறினாள். அதிகாரி பின்னால் போனார்.

பீலி என்பது மலையிலிருந்து ஊற்றுத் தண்ணீர் விழும் குழாய். அவரிடமே கோப்பையைக் கொடுத்துப் பிடிக்கச் சொன்னாள். தண்ணீர் செங்கல் நிறத்தில் விழுந்தது.

"எப்போதும் இப்படியா?"

"இதுலதான் சேர் நாங்க புள்ளைங்களுக்குப் பால்மா கரைப்போம். கண்ணாடி மாதிரி இருக்கும். வாங்க."

அவள் விரிசல் என்ற சொல்லையே எடுக்கவில்லை. இது பன்னிரண்டாம் வீட்டுத் தாத்தாவின் கதிரை, இதில் உட்கார்ந்துதான் ரேடியோ கேட்பார் என்றாள். இந்தக் கொய்யா மரத்துக்கும் அந்தத் தூணுக்கும் நடுவே துணி காயப்போடுகிறோம், கயிறு எப்போதும் தொய்ந்துதான் இருக்கும் என்றாள். அதிகாரி கயிற்றில் கை வைத்தார். அது கம்பி போல விறைத்துத் தெறித்தது. அவர் மரத்தைப் பார்த்தார். தூணைப் பார்த்தார். நடை மெதுவானது.

எங்கள் காம்பராவுக்கு வந்தோம். "காத்து அடிக்குது, கதவ சாத்திட்டு உக்காருங்க சேர்." அவர் சாத்தப் பார்த்தார். கதவு நிலையில் இடித்து நின்றது. தோளைக் கொடுத்துத் தள்ளினார். அசையவில்லை.

"இது எப்போதிலிருந்து?"

"நாங்க கீழ எறங்குற வரைக்கும் சாத்துன கதவுதான் சேர். ராத்திரி டீச்சர் ரெண்டு தடவ எந்திரிச்சு, சாத்தியிருக்கான்னு பாப்பாங்க. பயந்த மனுஷி."

வேறு நேரமாக இருந்தால் வெட்கப்பட்டிருப்பேன். அவர் இப்போது எங்களைக் கேட்காமல் தானே தேடத் தொடங்கியிருந்தார். சுவரோரம் குனிந்தார். தரையில் கண்ணை ஓட்டினார். கட்டிலைத் தானே பிடித்து இழுத்தார். ஒரு கிழமை நான் விரல் வைக்காமல் விட்டிருந்த இடத்தில் அவருடைய கை மணிக்கட்டு வரை இறங்கியது. உள்ளேயிருந்து ஈரக் காற்று வந்தது என்று பிறகு சொன்னார்.

"இந்தக் கட்டிலில் யார் படுப்பது?"

"நான்," என்றாள் மகள்.

அவர் எழுந்து நின்றபடியே எழுதினார். ஒருவரும் திரும்பக் கூடாது என்று எழுதினார். கண்டாக்கையா ஏதோ சொல்ல வந்தபோது, கதவைக் காட்டி, "நீங்கள் சாத்துங்கள்," என்றார்.

மூடிக் கிடந்த பழைய தேயிலைத் தொழிற்சாலையின் மாடியில் எங்களை வைத்தார்கள். அங்கேயும் ஒழுகியது. ஆனால் தரை வெடிப்பில்லாமல் ஒன்றாக இருந்தது. சிக்கல் வேறு பக்கத்திலிருந்து வந்தது. பகலில் ஆட்கள் ஒவ்வொருவராக லயத்துக்கு ஏறத் தொடங்கினார்கள். சட்டி எடுக்க, கோழி பிடிக்க, பூட்டைப் பார்க்க. சொன்னால் கேட்கவில்லை. கேம் அக்கா போய் லயத்துக்கு ஏறும் படிக்கட்டின் அடியில் உட்கார்ந்துகொண்டாள். யாரையும் தடுக்கவில்லை. கேள்வி கேட்டாள்.

"எங்க போற?"

"கோழி மேல இருக்கு அக்கா."

"எந்தக் கோழி? அத யாருகிட்ட வாங்குன? மொதல்லருந்து சொல்லு."

"அக்கா, கோழிக்கு எதுக்கு அக்கா கத?"

"சொல்லிட்டுப் போ. நான் என்ன புடிச்சா வச்சிருக்கேன்?"

முக்கால்வாசிப் பேர் எரிச்சலில் திரும்பினார்கள். கோழி போனால் போகட்டும், இவளிடம் மாட்ட முடியாது என்றார்கள். பைத்தியம் என்றும் சொன்னார்கள். அவள் குடையைப் பிடித்துக்கொண்டு விடிந்ததிலிருந்து இருட்டும்வரை உட்கார்ந்திருந்தாள். இடையில் ஐந்து நாள் மழை.

ஒன்பதாம் நாள், பள்ளிக்கூட இடைவேளை. என் மகள் என்னிடம் சொல்லாமல் தன் கணக்குக் கொப்பியை எடுக்க லயத்துக்குப் போனாள். இடைவேளை முடிந்து பிள்ளைகள் வந்து உட்கார, நான் அடுத்த பாடத்துக்குக் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தேன். முதலில் சத்தம் என்றுகூடத் தெரியவில்லை. கண்ணாடிகள் அதிர்ந்தன. பிறகு ஒரு பெரிய லொறி கல்லைக் கொட்டுவது போல், கொட்டி முடிக்காமல் கொட்டிக்கொண்டே இருப்பது போல். வகுப்பைப் பார்த்தேன். மகளின் இடம் காலி.

நான் எப்படி ஓடினேன் என்று எனக்குத் தெரியாது. ஒரு செருப்பு வழியில் போயிருந்தது. படிக்கட்டுக்கு மேலே மலை இருந்த இடத்தில் சிவப்பாக ஒரு வாய் திறந்திருந்தது. லயம் இல்லை. மண் கடைசிப் படிகளுக்கு மேலே, கல் எறிகிற தூரத்தில் வந்து நின்றிருந்தது. கீழே குடை மல்லாந்து கிடந்தது. பக்கத்தில் மகளும் கேம் அக்காவும் ஒருவரை ஒருவர் இறுக்கிக்கொண்டு நின்றார்கள்.

மகளுக்குப் பேச்சு வர மாலையாயிற்று. "எந்தக் கணக்குன்னு கேட்டாங்கம்மா. மொதல்லருந்து சொல்லுன்னாங்க. நேரமாச்சு விடுங்கன்னு நான் திட்டினேன். கெட்ட வார்த்தையில திட்டினேன்."

இதெல்லாம் நடந்து ஆறு வருடமாகிறது. கேம் அக்கா மறுவருடமே மறுபடி வெளிநாட்டுக்குப் போய்விட்டாள். சில மாதம் பேசினாள், பிறகு அந்த எண் வேலை செய்யவில்லை. மகள் பல்கலைக்கழகத்தில் இருக்கிறாள். மழை பெய்தால் அங்கே பெய்கிறதா என்று கேட்டு நான் அழைக்கிறேன். பழையதையே பேசாதீர்கள் டீச்சர், எல்லாம்தான் முடிந்துவிட்டதே என்று சொல்கிறவர்கள் உண்டு. முடிந்ததா இல்லையா என்பதை அவர்கள் முடிவு செய்ய வேண்டாம். நான் பேசுவேன். முழுதாகத்தான் பேசுவேன்.

மலை சரிந்த மறுநாள் காலை அதிகாரி மறுபடி வந்தார். வெயில் அடித்தது. மண்மேட்டில் ஒரு தகரத்தின் முனை மட்டும் தெரிந்தது. அவர் தொப்பியைக் கழற்றினார். நீங்கள் எல்லோரும் அதிர்ஷ்டசாலிகள் என்றார். மனமார்ந்துதான் சொன்னார். கூட்டம் தலையாட்டியது. நான் கும்பிட்டேன்.

கேம் அக்கா தலையாட்டவில்லை.

"அதிர்ஷ்டமா? நீங்க ஏறி வந்தீங்க சேர். கதவ சாத்திப் பாத்தீங்க. நான் இந்தப் படியில ஒம்பது நாளு உக்காந்திருந்தேன். அதிர்ஷ்டம் ஒரு நாளாவது வந்து என் பக்கத்துல உக்காந்திச்சா?"

அவள் கையை நீட்டினாள். பள்ளத்துக்கு அந்தப் பக்கம், இதே போல ஒரு மலையின் அடியில், இதே போல ஒரு தகரக் கூரை வெயிலில் மின்னியது. கூரைக்கு மேலே புகை போய்க்கொண்டிருந்தது. யாரோ சமைத்துக்கொண்டிருந்தார்கள்.

"அங்க பதினாலு வீடு. எப்ப ஏறுறோம்?"

"அங்க ஒண்ணும் இல்ல," என்றார் கண்டாக்கையா.

அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். "அடுத்த கிழமை வருகிறேன். உறுதியாக."

"இன்னைக்கு," என்று ஒரு குரல் கேட்டது. சத்தமாக, கொஞ்சம் கீச்சென்று. எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். என்னைத்தான் பார்த்தார்கள்.

நான் கையைக் கட்டியிருக்கவில்லை. மறுபடியும் சொன்னேன், இந்தத் தடவை சிங்களத்தில்.

அவர் தொப்பியை மறுபடி போட்டுக்கொண்டார். பிறகு ஜீப்பில் ஏறாமலே அதன் கதவை மூடினார். கேம் அக்கா சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு முன்னால் நடந்தாள். அவசரப்படவில்லை.